வேடம் புனையும் உரிமை யாருக்கு? பி.கே. ரோசியின் கலைவாழ்வை மீண்டும் வாசித்தல்

மலையாளத் திரையுலகின் முதல் நாயகியான பி.கே. ரோசியைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் ஒரு வாக்கியத்தில் வந்து நிற்கின்றனர்: ஆதிக்கச் சாதியினரின் தாக்குதலுக்கு அஞ்சி அவர் தமிழ்நாட்டுக்குத் தப்பியோடினார். இவ்வாக்கியம் முழுமையான உண்மையன்று. அவர் வாழ்ந்து மறைந்த நாகர்கோவில் அந்நாளில் தமிழ்நாட்டில் இல்லை. 1956 நவம்பர் 1 அன்று மொழிவழி மாநிலங்கள் அமையும்வரை அது திருவிதாங்கூரின் பகுதியாகவும், பின்னர்த் திருவிதாங்கூர்-கொச்சி மாநிலத்தின் பகுதியாகவுமே இருந்தது. திருவனந்தபுரத்துக்கும் நாகர்கோவிலுக்கும் இடையே உள்ள தொலைவு ஏறத்தாழ 65 கிலோமீட்டர். எந்த அரசின் தலைநகரில் அவருடைய குடிசை எரிக்கப்பட்டதோ, அதே அரசின் இன்னொரு நகரத்தில்தான் அவர் குடும்பம் நடத்தினார். பிள்ளைகளைப் பெற்று வளர்த்தார்.

அப்படியானால் அரை நாள் பயணத் தொலைவில் இருந்த ஒருவரைப் பல பத்தாண்டுகள் எவரும் காணாதது எவ்வாறு? அவர் தம் பெயரையும் சாதியையும் கலையையும் ஒருசேரக் கைவிட்டிருந்தார். ‘நடிகை ரோசி’ இல்லாமற்போய் ‘ராஜம்மாள்’ என்னும் இல்லத்தரசி மட்டுமே எஞ்சினார். இந்தக் கைவிடலுக்கு அவரைத் தள்ளியது எது என்பதையே இக்கட்டுரையில் விளக்க முற்படுகிறோம். கல்லெறிந்தவர்களின் கொடுமையைச் சொல்லி இரங்குவதோடு பல கட்டுரைகள் நின்றுவிடுகின்றன. அவர்கள் எதற்காகக் கல்லெறிந்தார்கள், திரையில் கண்ட எந்தக் காட்சி அவர்களுக்குப் பொறுக்கவில்லை என்று கேட்டால்தான் ஒரு நடிகையின் தொழில்வாழ்க்கை ஒரே படத்தில் முடிக்கப்பட்டதன் பொருள் விளங்கும்.

புல்லறுத்தவர், பாடியவர்

ரோசி 1903 பிப்ரவரி 10 அன்று திருவனந்தபுரத்தில் புலையர் குடும்பத்தில் பிறந்தவர் என்று குறிப்புகள் கூறுகின்றன. தந்தை பவுலோஸ், தாய் குஞ்ஞி. பெயருக்கு முன்னுள்ள இரண்டு எழுத்துகள் இவ்விருவரையும் குறிப்பவை. இயற்பெயர் ராஜம்மா. ‘ரோசி’ என்னும் பெயர் வந்த விதத்தைப் பற்றி இரண்டு கூற்றுகள் உள்ளன: குடும்பம் கிறித்தவம் தழுவியபோது வந்தது என்பது ஒன்று, திரைப்படத்துக்காக இயக்குநர் சூட்டியது என்பது மற்றொன்று. தந்தையை இளமையிலேயே இழந்த அவர் புல்லறுத்துப் பிழைத்தவர். இந்த ஒரு செய்தியை மட்டும் பிடித்துக்கொண்டு, புல்லறுத்துக்கொண்டிருந்த ஏழைப் பெண்ணைத் திரைப்பட இயக்குநர் ஒருவர் கண்டெடுத்தார் என்பதுபோல் கதை சொல்வது வழக்கமாகிவிட்டது. நாம் இதை மறுக்கவேண்டியிருக்கிறது. படப்பிடிப்புத் தளத்துக்குள் நுழைந்தபோது ரோசி முன்பே தேர்ந்த மேடைக் கலைஞர்.

அவர் பயின்றது காக்காரிசி நாடகம். தென்திருவிதாங்கூரின் நாட்டார் நாடக வடிவங்களுள் ஒன்றான இதில் சிவனும் பார்வதியும் நாடோடிக் குறிசொல்லிகளாக, காக்கானும் காக்காத்தியுமாக, ஊருக்குள் வருகின்றனர். தம்புரான் அவர்களை நிறுத்தி, யார் நீ, எங்கிருந்து வருகிறாய் என்று கேள்விமேல் கேள்வி கேட்கிறான். காக்கான் எகத்தாளமும் சிலேடையுமாக விடையிறுக்கிறான். அரங்கத்தின் சிரிப்பெல்லாம் தம்புரானின் செலவில்தான். தமிழும் மலையாளமும் கலந்த பேச்சு, பாட்டு, ஆட்டம், உடனுக்குடன் புனைந்து சொல்லும் திறன் ஆகிய அனைத்தும் இதில் வேண்டும். மரபாக ஆண்களே பெண்வேடமும் புனைந்து வந்த அரங்கு இது. அதில் காக்காத்தியாக ஏறிய பெண் ரோசி. அவ்வாறு ஏறிய முதல் பெண்ணே அவர்தான் என்றும் சொல்லப்படுகிறது. எதிரில் நிற்பவர் என்ன கேட்பார் என்பது முழுமையாக வரையறுக்கப்படாத ஒரு நாடகத்தில் இரவு முழுதும் நின்று ஆடிப் பாடுவதற்குத் தேவைப்படும் பயிற்சி எளிதன்று. நம் தெருக்கூத்தைக் கண்டு வளர்ந்தவர்களுக்கு இதனை விளக்கத் தேவையில்லை.

இங்கே ஒன்றைக் குறித்துக்கொள்ள வேண்டும். காக்காத்தி வேடத்தில் அவர் ஆடியதற்காக எவரும் அவருடைய குடிசையைக் கொளுத்தவில்லை. ஒடுக்கப்பட்ட சாதிப் பெண் நாடோடிப் பெண்ணாக வேடமிடுவதில் சாதியமைப்புக்கு எவ்வகை இடரும் இல்லை. கீழே இருப்பவர் கீழே இருப்பவராகவே தோன்றிச் சிரிக்கவைத்துவிட்டுப் போகலாம்.

ஐந்து ரூபாய்க் கூலி

‘விகதகுமாரன்’ படத்தை எடுத்த ஜே.சி. டேனியல், இன்றைய கன்னியாகுமரி மாவட்டத்தின் அகத்தீசுவரத்தைச் சேர்ந்த நாடார் கிறித்தவர். தம் நிலத்தை விற்றுக் கிடைத்த பணத்தைக் கொண்டு திருவனந்தபுரம் பட்டத்தில் ‘திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்’ என்னும் படப்பிடிப்பு நிலையத்தை நிறுவினார். நாட்டின் பிற பகுதிகளில் புராணக் கதைகளே மிகுதியாகப் படமாகிக்கொண்டிருந்த காலத்தில், கடத்தப்பட்டு இலங்கைக்குக் கொண்டுசெல்லப்பட்ட ஒரு சிறுவனைப் பற்றிய சமூகக் கதையை அவர் தேர்ந்தெடுத்தார். கதை எழுதி, இயக்கி, நாயகனாகவும் நடித்தார். நாயகிக்காக முதலில் பம்பாயிலிருந்து லானா என்னும் நடிகை அழைக்கப்பட்டதாகவும், அவர் கேட்ட வசதிகளை அளிக்க முடியாமல் அனுப்பிவைக்கப்பட்டதாகவும் சொல்வர். அதன் பின்னரே ரோசி வந்தார்.

நாளொன்றுக்கு ஐந்து ரூபாய், பத்து நாள் வேலை என்பது அவருக்குப் பேசப்பட்ட கூலி என்று குறிப்புகள் சொல்கின்றன. மதியத்துக்கு வேண்டிய சோற்றை வீட்டிலிருந்தே கட்டிக்கொண்டு வருவாராம். தளத்தில் தனியே அமர்ந்து உண்பாராம். ஒளிப்படக் கருவியின் முன்னால் நாயர் குடும்பத்துப் பெண்ணாக நின்றவர், கருவி நின்றதும் தன் சோற்றுப் பொட்டலத்துடன் தனித்து அமர்ந்தார். முற்போக்கான முயற்சி என்று நாம் போற்றும் அப்படத்தின் தளத்திலும் சாதி தன் இடத்தை விட்டுக்கொடுக்கவில்லை என்பதற்கு இச்செய்தி போதும்.

படம் வெளியான நாளைப் பற்றிக் கருத்து வேறுபாடு உண்டு. 1928 நவம்பர் 7 என்று நெடுங்காலம் எழுதப்பட்டுவந்தது. 1930 அக்டோபர் 23 என்பதைப் பிற்கால ஆய்வாளர்கள் ஏற்கின்றனர். இடத்தைப் பற்றி ஐயமில்லை: திருவனந்தபுரம் கேபிடல் திரையரங்கு. தொடக்கி வைத்தவர் புகழ்பெற்ற வழக்கறிஞர் மள்ளூர் கோவிந்த பிள்ளை. நாயகி அரங்குக்குள் இருந்தால் பெருமக்கள் வரமாட்டார்கள் என்பதால் ரோசி அழைக்கப்படவில்லை என்றும், வந்து நின்றவரை அடுத்த காட்சிக்குக் காத்திருக்கச் சொன்னார்கள் என்றும் அந்நிகழ்வைப் பதிந்தவர்கள் கூறுவர். தன் முகம் திரையில் முதன்முதலாகத் தோன்றியபோது அம்முகத்துக்கு உரியவர் வெளியே நிறுத்தப்பட்டிருந்தார்.

அவர்கள் கண்டது என்ன?

விகதகுமாரன் ஊமைப்படம். ரோசி அதில் ஒரு சொல்லும் பேசவில்லை. மேடையில் அவருக்கிருந்த குரல், பாட்டு, எதிர்ச்சொல் எதுவும் திரையில் இல்லை. எனவே பார்வையாளர்கள் சினந்தெழுந்தது அவர் சொன்ன எதற்காகவும் இருக்க முடியாது. அவர்கள் கண்டது முகம், உடை, நடை ஆகியவற்றை மட்டுமே. கதைப்படி அவர் சரோஜினி என்னும் நாயர் பெண். அவ்வுடையில் அவர் தோன்றியதும் கூச்சல் எழுந்ததாகவும், நாயகன் அவர் தலையிலிருந்த பூவை எடுத்து முத்தமிடும் காட்சியில் கூச்சல் கலவரமாகித் திரையின் மீது கற்கள் வீசப்பட்டதாகவும் சொல்லப்படுகிறது.

உடைக்கு ஏன் இவ்வளவு சினம்? திருவிதாங்கூரின் வரலாறு இதற்கு விடை தருகிறது. அந்நாட்டில் உடை சாதியின் சட்டமாகவே இருந்தது. நாடார் பெண்கள் மார்பை மறைத்துக்கொள்ளும் உரிமைக்காகப் பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் தொடங்கி ஏறத்தாழ அரைநூற்றாண்டு போராடிய தோள்சீலைக் கலகத்தை நாம் அறிவோம். 1859-இல் அதற்கு அரசு அளித்த தீர்வில் ஒரு நிபந்தனை இருந்தது: நாடார் பெண்கள் மார்பை மறைத்துக்கொள்ளலாம், ஆனால் உயர்சாதிப் பெண்களைப் போல் மட்டும் உடுத்தலாகாது. அவ்வரசாணை காத்தது வேறுபாட்டைத்தான். துணி அனுமதிக்கப்பட்டது; ஒத்த தோற்றம் தடைசெய்யப்பட்டது.

புலையர் பெண்களின் நிலை இதனினும் கீழானது. கழுத்தில் கல்மணி மாலைகளை அணிவது அவர்களுக்கு விதிக்கப்பட்ட அடையாளம். அய்யன்காளியின் தலைமையில் 1915-இல் கொல்லத்தை ஒட்டி எழுந்த போராட்டத்தில்தான் அப்பெண்கள் அம்மாலைகளை அறுத்தெறிந்தனர். பெரிநாட்டில் அதற்காகக் குடிசைகள் எரிந்தன. அப்போது ரோசிக்குப் பன்னிரண்டு வயது. 1893-இல் வில்லுவண்டி ஏறிப் பொதுச் சாலையில் சென்ற அய்யன்காளி, விகதகுமாரன் வெளியான நாளில் உயிரோடுதான் இருந்தார். கோயில் நுழைவுப் பிரகடனம் வருவதற்கோ இன்னும் ஆறாண்டுகள் இருந்தன. அது 1936 நவம்பரில்தான் வந்தது.

இந்தப் பின்னணியில் வைத்துப் பார்த்தால் கேபிடல் அரங்கில் நடந்தது விளங்கும். கல்மாலை அணியவேண்டியவர் என்று ஊர் தீர்மானித்த ஒரு பெண், நாயர் பெண்ணின் உடையில் ஆளுயரத்துக்கும் மேலாகத் திரையில் நின்றார். அதுவும் எவ்வாறு நின்றார்? நம்பும்படியாக நின்றார். திரையில் தெரிந்த பெண்ணின் சாதியை அவளுடைய முகமும் நடையும் காட்டிக்கொடுக்கவில்லை. நடித்தவர் இன்னார் என்று முன்பே அறிந்திராத ஒருவர் அவரை நாயர் பெண்ணாகவே கண்டிருப்பார். பிறப்பில் ஊறியது, இரத்தத்தில் உள்ளது என்று ஆதிக்கச் சாதி எதனைச் சொல்லிக்கொள்கிறதோ, அதனை நாளொன்றுக்கு ஐந்து ரூபாய்க் கூலிக்குப் புல்லறுக்கும் பெண் ஒருத்தி பத்து நாளில் செய்துகாட்டிவிட முடியும் என்றால், அந்த உயர்வு வெறும் வேடம் என்றாகிவிடும். ரோசி மோசமாக நடித்திருந்தால் சிரித்துவிட்டுப் போயிருப்பார்கள் என்றே நாம் கருதுகிறோம். அவர்மீது விழுந்த கல் அவருடைய நடிப்பின் தரத்துக்குக் கிடைத்த சான்று. படச்சுருள் இன்று இல்லாத நிலையில் நமக்குக் கிட்டியிருக்கும் ஒரே விமரிசனமும் அதுதான்.

பெண் நடிக்க வந்ததால்தான் அக்காலச் சமூகம் கொதித்தது, சாதியைப் பெரிதாக்க வேண்டியதில்லை என்று வாதிடுவோரும் இருக்கின்றனர். பெண்கள் நடிப்பதற்கு எதிர்ப்பு இருந்தது உண்மை. பால்கேயின் ‘ராஜா ஹரிச்சந்திரா’வில் (1913) சந்திரமதியாக நடித்தவர் சாளுங்கே என்னும் ஆண். எனினும் 1920களில் நிலைமை மாறிவிட்டிருந்தது. ரூபி மையர்ஸ் என்னும் யூதப் பெண் ‘சுலோச்சனா’ என்ற பெயரில் நாட்டின் மிக உயர்ந்த சம்பளம் பெறும் நட்சத்திரங்களுள் ஒருவரானார். ரெனீ ஸ்மித் என்னும் ஆங்கிலோ-இந்தியப் பெண் ‘சீதாதேவி’யாகி, புத்தரின் வாழ்வைச் சொல்லும் ‘பிரேம் சன்யாஸ்’ (1925) படத்தில் சித்தார்த்தனின் மனைவி கோபாவாக நடித்தார். இவர்கள் இந்து அரசிகளாகத் தோன்றியபோது எவரும் திரையைக் கிழிக்கவில்லை. அயல் மதத்தவருக்கும் கலப்பினத்தவருக்கும் திறந்த கதவு, அந்த மண்ணிலேயே உழுது அறுத்த சாதியின் பெண்ணுக்கு மூடியிருந்தது. இதனைச் சாதியென்று சொல்லாமல் வேறெப்படிச் சொல்வது?

தமிழ்த்திரையில் இதன் மறுபக்கத்தைக் காணலாம். 1935-இல் வெளிவந்த ‘நந்தனார்’ படத்தில் கே.பி. சுந்தராம்பாள் நந்தனாராக, ஆண் வேடத்தில், நடித்தார். அதற்கு அவர் பெற்ற ஒரு லட்சம் ரூபாய் அந்நாளில் நாடெங்கும் பேசப்பட்டது. மேடையில் ஆண் வேடம் புனைந்து புகழ்பெற்ற அப்பெருங்கலைஞரின் திறமையைக் குறைத்துச் சொல்வது நம் நோக்கமன்று. 1942-இல் ஜெமினியின் ‘நந்தனார்’ வந்தபோது எம்.எம். தண்டபாணி தேசிகர் அவ்வேடத்தை ஏற்றார். தலித் அல்லாத ஒருவர் புலையராக வேடமிட்டு, தில்லைக்குப் போகலாமா என்று உருகிப் பாடினால் அது பக்தி, அது இசை, அது கலை. வேடம் மேலிருந்து கீழே இறங்கும்போது கைதட்டல் எழுகிறது. கீழிருந்து மேலே ஏறியபோது என்ன எழுந்தது என்பதை மேலே கண்டோம்.

நடக்காமற்போன தொழில்வாழ்க்கை

அரங்கில் தொடங்கிய வன்முறை அரங்கோடு நிற்கவில்லை. ரோசியின் குடிசை கொளுத்தப்பட்டது. உயிருக்கு அஞ்சி ஓடியவர் அவ்வழியே வந்த லாரி ஒன்றில் ஏறினார். அதனை ஓட்டிய கேசவ பிள்ளை பின்னர் அவரை மணந்துகொண்டார். இவையே அவரைப் பற்றிய எல்லாக் குறிப்புகளும் பெரிதும் ஒன்றுபடும் செய்திகள்.

இவ்விடத்தில் வழக்கமாகக் கதை முடிந்துவிடும். நாம் சற்று நின்று, அவர் தொடர்ந்து நடித்திருந்தால் என்ன ஆகியிருப்பார் என்று கேட்க விரும்புகிறோம். இது வெறும் கற்பனை வினா அன்று; ஒப்பிட ஆட்கள் இருக்கின்றனர். திருவையாற்றில் பிறந்து மேடையிலிருந்து திரைக்கு வந்த டி.பி. ராஜலட்சுமி, 1931 அக்டோபரில் வெளியான ‘காளிதாஸ்’ படத்தின் நாயகியானார். அவரும் எதிர்ப்புகளைத் தாண்டித்தான் வந்தார். ஐந்தே ஆண்டுகளில் ‘மிஸ் கமலா’வை (1936) இயக்கித் தென்னகத்தின் முதல் பெண் இயக்குநர் என்ற பெயரும் பெற்றார். பேசும்படம் வந்தபின் பாடத் தெரிந்த மேடை நடிகையருக்கு எத்தகைய தேவை இருந்தது என்பதை அக்காலத் திரை வரலாறு படித்தோர் அறிவர். தமிழும் மலையாளமும் கலந்த நாடகத்தில் பாடிப் பழகிய ரோசிக்கு அச்சந்தை இரண்டு மொழிகளிலும் திறந்திருக்க வேண்டும்.

இன்னும் அருகிலேயே ஓர் ஒப்பீடு உண்டு. விகதகுமாரனில் வில்லனாக நடித்தவர் ஜான்சன். அவருடைய மகள்தான் பிற்காலத்தில் தமிழ், மலையாளப் படங்களில் புகழ்பெற்ற பி.எஸ். சரோஜா. ‘ஜீவித நௌகா’ (1951) என்னும் மலையாளப் பெருவெற்றிப் படத்தின் நாயகி அவர், எம்.ஜி.ஆருடன் ‘ஜெனோவா’வில் (1953) நடித்தவரும் அவரே. ஒரே படத்தின் வில்லன் தன் மகளுக்குத் திரையுலகை விட்டுச்செல்ல முடிந்தது. நாயகியோ, தான் நடிகை என்ற செய்தியையே பிள்ளைகளுக்கு மனம்விட்டுச் சொல்ல முடியாமல் வாழ்ந்தார்.

ராஜம்மாளின் நெடிய வேடம்

கேசவ பிள்ளை நாயர். அவருடைய மனைவியாக நாகர்கோவிலில் வாழ்ந்த ராஜம்மாள், நாயர் குடும்பத்து இல்லத்தரசியாகவே அக்கம்பக்கத்தாரால் அறியப்பட்டார். எந்த வேடத்தைத் திரையில் சில நிமிடங்கள் ஏற்றதற்காக அவர்மீது கல்லெறிந்தார்களோ, அதே வேடத்தை வாழ்நாள் முழுதும் அணியும் நிலைக்கு அவர் தள்ளப்பட்டார். இம்முறை பார்வையாளருக்கு அது வேடமென்று தெரியக்கூடாது; தெரிந்தால் நாடகம் முடிந்துவிடும். ஒரு கலைஞரின் திறமைக்கு இதைவிடக் கொடிய பயன்பாடு இருக்க முடியாது.

இதனை நாம் எழுதுவது மறைமலை நகரிலிருந்து. நாகப்பட்டினத்தில் 1876-இல் பிறந்த வேதாசலம், காளிதாசரின் சாகுந்தல நாடகத்தைத் தமிழில் பெயர்த்தவர். 1916-இல் தம் வடமொழிப் பெயரைக் களைந்து மறைமலையடிகள் ஆனார். தானே தேர்ந்த பெயர் என்பதால் அது அவருக்குப் பெருமை ஆயிற்று, ஜி.எஸ்.டி. சாலையோர நகரம் ஒன்று இன்று அப்பெயரைத் தாங்கி நிற்கிறது. ராஜம்மா, ரோசி, ராஜம்மாள் என்று மாறிய பெண்ணுக்குப் பெயர்மாற்றம் எப்போதும் பிறருடைய தேவைக்காகவோ உயிர் பிழைப்பதற்காகவோ நேர்ந்தது. பெயரை மாற்றிக்கொள்வது எல்லோருக்கும் ஒரே பொருளுடையதன்று.

இவ்வேறுபாடு தொண்ணூறாண்டுகளுக்கு முந்தைய செய்தி மட்டும் அன்று. சிங்கப்பெருமாள் கோவிலிலிருந்து ஒரகடம் வழியாகத் திருப்பெரும்புதூர் வரை நீளும் இத்தொழிற்சாலைப் பாதைக்குத் தென்மாவட்டங்களிலிருந்தும் வடமாவட்டங்களிலிருந்தும் வேலை தேடி வரும் இளம்பெண்கள், வாடகை வீட்டுக்கு அலையும்போது எதிர்கொள்ளும் முதல் கேள்வி ‘சொந்த ஊர் எது?’ என்பது. இரண்டாவது கேள்வி ‘ஊரில் எந்தப் பக்கம்?’ என்பது. மூன்றாவதாக, ‘கறி சமைப்பீர்களா?’ என்று கேட்பார்கள். சாதியின் பெயர் இம்மூன்றிலும் இல்லை. விடை சொல்லும் பெண் அக்கணத்தில் எதைச் சொல்வது, எதை விடுவது, பேச்சின் வட்டார வாடையை எவ்வளவு குறைப்பது என்று முடிவெடுக்க வேண்டியிருக்கிறது. அம்முடிவைக் கோழைத்தனம் என்று பழிப்பது நம் இயக்கங்களுக்குள்ளும் சில வேளை நிகழ்வதுண்டு. ராஜம்மாள் என்ற பெயருக்குள் புகுந்து உயிர்வாழ்ந்த ரோசியை அறிந்தவர்கள் அவ்வாறு பழிக்கத் தயங்குவர்.

மீட்டவர்களும் மீட்ட விதமும்

டேனியலும் மறக்கப்பட்டவர்தாம். படத்தோல்வியில் சொத்தையெல்லாம் இழந்து, பல் மருத்துவராகப் பிழைத்து, 1975-இல் அகத்தீசுவரத்தில் வறுமையில் மறைந்தார். தமிழ்நாட்டுக்காரர் என்று காட்டிக் கேரள அரசு அவருக்கு உதவித்தொகை மறுத்ததாகக் கூறுவர். சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் என்னும் இதழாளரின் விடாமுயற்சியால் அவருடைய பெயர் வரலாற்றில் ஏறியது. 1992-இல் கேரள அரசு அவர் பெயரில் வாழ்நாள் சாதனையாளர் விருதை நிறுவியது.

ரோசியை மீட்டவர் தலித் எழுத்தாளரும் வரலாற்று ஆய்வாளருமான குன்னுகுழி எஸ். மணி. 1970களின் தொடக்கத்திலேயே அவர் ரோசியைப் பற்றி எழுதிவிட்டார். ரோசி 1988 வரை வாழ்ந்ததாகச் சொல்லப்படுகிறது. அவ்வாறாயின், டேனியலும் ரோசியும் பல்லாண்டுகள் ஒரே மாவட்டத்தில், அகத்தீசுவரத்திலும் நாகர்கோவிலிலுமாக, ஓரிரு மணி நேரப் பயணத் தொலைவில் முதுமை எய்தியிருக்கின்றனர். மலையாளத் திரையின் முதல் இயக்குநரும் முதல் நாயகியும் தமிழ்நாட்டின் தென்கோடியில் இருந்தபோது, இங்கிருந்த திரையுலகமும் அவர்களைத் தேடிச் செல்லவில்லை. கேரளத்தை மட்டும் குறை சொல்லி நாம் ஒதுங்கிவிட முடியாது.

வினு ஆபிரகாமின் ‘நஷ்ட நாயிகா’ நாவலையும் கோபாலகிருஷ்ணனின் நூலையும் ஆதாரமாகக் கொண்டு கமல் இயக்கிய ‘செல்லுலாயிட்’ (2013) ரோசியைப் பெரும்பான்மை மக்களிடம் கொண்டுசேர்த்தது. கேரள அரசின் சிறந்த படத்துக்கான விருதையும் அது பெற்றது. எனினும் தலித் பெண்ணிய ஆய்வாளர்கள் அன்றே எழுப்பிய கேள்விகள் இன்றும் பொருந்துகின்றன. படத்தின் நாயகன் டேனியல். ரோசி அவருடைய துயரத்தில் ஒரு பகுதி. கண்கள் அகல மருண்டு நிற்பவராகவும், கிடைத்த வாய்ப்புக்கு நன்றி பாராட்டுபவராகவும் அவர் காட்டப்படுகிறார். தம்புரானைக் கேலிசெய்து இரவெல்லாம் மேடையில் நின்ற காக்காத்தியின் துணிவை அப்பாத்திரத்தில் தேடவேண்டியிருக்கிறது. அவ்வேடத்தை ஒரு தலித் நடிகைக்கு அளித்திருக்கலாமே என்ற கேள்வியும் அப்போது எழுந்தது. முதல் தலித் நாயகியின் கதையிலேயே அவ்வாய்ப்பு வாய்க்காதபோது, பிற கதைகளில் என்ன எதிர்பார்ப்பது?

தமிழ்த்திரையைப் பார்த்தாலும் விடை பெரிதும் மாறவில்லை. பா. இரஞ்சித்தின் ‘நட்சத்திரம் நகர்கிறது’ (2022), ஒரு நாடகக் குழுவின் ஒத்திகைக் கூடத்தையே களமாகக் கொண்டு, தமிழ் என்னும் இயற்பெயருடைய ரெனே என்ற தலித் நடிகையை மையத்தில் நிறுத்தியது. தான் யார் என்பதை மறைக்காமல், அதற்காக மன்னிப்பும் கேட்காமல் அரங்கில் நிற்கும் அத்தகைய பெண் பாத்திரம் நம் திரைக்குப் புதிது. பாத்திரங்கள் வரத்தொடங்கிவிட்டன. தம் சாதியை வெளிப்படையாகச் சொல்லிக்கொண்டே முன்னணி நாயகியாக நிலைத்திருக்கும் நடிகையரை எண்ண முற்பட்டால், ஒரு கையின் விரல்களும் மிஞ்சிவிடும். ஆண் இயக்குநர்கள் தம் தலித் அடையாளத்தை அரசியலாக அறிவிக்க முடிந்த ஒரு காலத்திலும், நடிகைக்கு அவ்வறிவிப்பு வாய்ப்பிழப்பாக முடியக்கூடும். நாயகியின் முகத்தை ஊர் முழுதும் தன் வீட்டுப் பெண்ணாகக் கொண்டாட வேண்டும் என்பது இவ்வணிகத்தின் விதி. ஊரின் ‘தன் வீடு’ எங்கே முடிகிறது என்பது நமக்குத் தெரிந்ததே.

கேரளத்தில் பெண் திரைக்கலைஞர்களின் கூட்டமைப்பு 2019-இல் தொடங்கிய திரைப்படக் கழகத்துக்கு ரோசியின் பெயரைச் சூட்டியது. சென்னையில் நீலம் பண்பாட்டு மையம், தலித் வரலாற்று மாதமான ஏப்ரலை ஒட்டி, அவர் பெயரிலேயே திரைப்பட விழா நடத்துகிறது. 2023 பிப்ரவரி 10 அன்று, அவருடைய 120ஆம் பிறந்தநாளில், கூகுள் தன் முகப்பில் அவருடைய ஓவியத்தை வைத்தது. அன்று கோடிக்கணக்கானோர் பார்த்த அம்முகம், அவருடையதெனப் புழங்கும் ஒரு மங்கிய ஒளிப்படத்தின் சாயலில் கற்பனையாக வரையப்பட்டது. விகதகுமாரனில் அவர் எப்படி நடந்தார், எப்படித் திரும்பிப் பார்த்தார், தலையிலிருந்து பூ எடுக்கப்பட்ட அக்கணத்தில் அவர் முகம் எதைக் காட்டியது என்பதைச் சொல்லும் ஒரு சட்டகமும் இன்று எஞ்சியிருக்கவில்லை.